அழகாக விழுந்தவன்

உக்கிரபாண்டியின் வேட்டியில் முழங்காலுக்குக் கீழே எப்போது பார்த்தாலும் மஞ்சளும் சிவப்புமாய் ஒரு கறை இருக்கும். நாடகக்காரர்களிலேயே அவன்தான் சுத்தக்காரன். வெற்றிலை போட்டால்கூட உதடு சிவந்தது தெரியாமல் மெல்லுகிற ஆள். அந்தக் கறை அவனால் வந்தது அல்ல. எல்லாம் அவன் கூட்டாளி வெள்ளைத்துரையின் கைங்கரியம்.

அந்தக் காலத்து நாடகக் கம்பெனிகளில் ஒரு வழக்கம் இருந்தது. வேஷம் கட்டி முடித்தவன் மேடை ஏறுவதற்கு முன்னால், தனக்குப் பாடம் சொன்னவன் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுத்தான் ஏற வேண்டும். பாடம் சொன்னவன் சின்னவன், கும்பிடுகிறவன் பெரியவன் என்ற பேச்செல்லாம் அங்கே எடுபடாது. முகத்தில் அரிதாரம் ஏறிவிட்டால் வயசு போய்விடும். வெள்ளைத்துரை உக்கிரபாண்டிக்கு இரண்டு வயது மூத்தவன். இருந்தாலும் கும்பிட்டாக வேண்டும். அவன் கும்பிடுகிற லட்சணத்தைத்தான் பார்க்கச் சகிக்காது. அவதி அவதியாய்க் குனிவான், நெற்றி போய் முழங்காலில் முட்டும், ஈரம் காயாத அரிதாரம் வேட்டியில் அப்பிக்கொள்ளும். எழுந்திருக்கும்போது விலாவில் ஒரு குத்து வேறு.

"பாண்டி, போய்ட்டு வாரேன்டா" என்பான்.

வைகையில் துணி துவைக்கும்போதெல்லாம் ஜெயக்கொடி புருஷனைக் கரித்துக் கொட்டுவாள். உங்கள் அண்ணனுக்கு முகம் துடைக்க வேறு துணியே அகப்படவில்லையா என்று கேட்பாள். உக்கிரபாண்டி சிரித்துக்கொள்வான். அந்தக் கறை அவனுக்குப் பிடிக்கும் என்பதை எந்தப் பெண்டாட்டியிடம் போய்ச் சொல்வது? தான் வாத்தியார் என்பதற்கு அவனிடம் இருந்த அத்தாட்சி அது ஒன்றுதான்.

சும்மா வந்துவிடவில்லை அந்த வாத்தியார் பட்டம். அலங்காநல்லூர்ப் பக்கத்தில் மழை பொய்த்த ஒரு வருஷத்தில், வீட்டில் ஒரு வயிறு குறையட்டும் என்று பத்து வயதில் அவனைப் பையன்கள் நாடகக் கம்பெனியில் கொண்டுபோய் விட்டார்கள். குரல் நன்றாக இருந்ததால் பெண் வேஷம் கொடுத்தார்கள். ஐந்தாறு வருஷம் அவன்தான் ராணி, அவன்தான் ராஜகுமாரி. வேஷத்தில் அவன் நடந்து வந்தால் முன்வரிசைப் பெரிய மனிதர்கள் துண்டைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து உட்காருவார்கள். அதில் அவனுக்கு மகா பெருமை.

மேலூரில் முகாம் போட்டிருந்தபோது அந்தக் குரல் உடைந்தது. பாட்டின் நடுவில், மேல் ஸ்தாயிக்குப் போகிற இடத்தில், தொண்டையிலிருந்து ஆட்டின் கத்தல் போல் ஒன்று புறப்பட்டது. அவ்வளவுதான், பிழைப்பு முடிந்தது என்று நினைத்தான். குரல் உடைந்த பையனைக் கம்பெனியில் வைத்துச் சோறு போட மாட்டார்கள். மறுநாளே மூட்டை கட்டச் சொல்லிவிடுவார்கள். பாட்டின் அடுத்த அடி எங்கிருந்தோ கணீரென்று வந்தது. பக்கத் திரைக்குப் பின்னால் நின்றிருந்த வெள்ளைத்துரை, ராஜா கிரீடத்தைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு, ராணியின் பாட்டைப் பாடிக்கொண்டிருந்தான். உக்கிரபாண்டி வாயை மட்டும் அசைத்தான். சனங்களுக்கு ஒன்றும் தெரியவில்லை. அந்த முகாம் முடிகிறவரை இந்தத் திருட்டுத்தனம் நடந்தது.

முதலாளிக்குத் தெரியவந்தபோதும் வெள்ளைத்துரைதான் முன்னால் வந்து நின்றான். கம்பெனியில் அவனவன் பாடத்தை மட்டுமே அவனவனுக்குச் சொல்லிக் கொடுப்பார்கள். முழு நாடகமும் தெரிந்துவிட்டால் பையன் வேறு கம்பெனிக்கு ஓடிப் போய் அங்கே போட்டுவிடுவான் என்ற பயம். உக்கிரபாண்டிக்கோ காதால் கேட்டே எல்லோருடைய பாடமும் தலைகீழாகத் தெரியும். இவனை அனுப்பினீர்கள் என்றால் உங்கள் நாடகம் அத்தனையும் இவன் தலைக்குள் ஏறி வெளியே போகும், பேசாமல் பாடம் சொல்ல வைத்துக்கொள்ளுங்கள் என்று வெள்ளைத்துரை சொன்னான். முதலாளி யோசித்தார். அதற்கப்புறம் உக்கிரபாண்டி அரிதாரம் பூசவே இல்லை. பதினேழு வயதில் மற்றவர்களுக்கு நடிக்கச் சொல்லிக் கொடுக்கிறவன் ஆனான். அன்று வெள்ளைத்துரை செய்ததை அவன் ஒரு நாளும் மறக்கவில்லை. மறந்திருந்தால் பின்னால் அவ்வளவு வலித்திருக்காது.

கம்பெனி கலைந்த பிறகு இருவரும் சேர்ந்து மதுரையில் சொந்த சபா வைத்தார்கள். உக்கிரபாண்டி எழுதிச் சொல்லிக் கொடுத்த 'மருதங்கோட்டை' நாடகம் ஊரைத் தூக்கிக்கொண்டு போயிற்று. மதுரைச் சுற்றுவட்டாரத்தில் அதைப் பார்க்காத வண்டிமாடு கிடையாது என்று கேலி பேசுவார்கள். கதை பெரிதாக ஒன்றுமில்லை. கோட்டைக்காரக் கிழவன் ஒருவன். அவன் வளர்த்து ஆளாக்கிய தளபதி ஒருவன். எதிரியிடம் விலைபோன தளபதி, கோட்டைக் கதவைத் திறந்துவிடப் போகிற அன்று கிழவனின் காலில் விழுந்து ஆசீர்வாதம் வாங்குகிறான். கிழவன் கண் கலங்கி வாழ்த்துகிறான். நாடகத்தின் உயிரே அந்தக் கட்டத்தில்தான் இருந்தது.

தளபதி வேஷம் வெள்ளைத்துரைக்கு. முதலில் அவன் தன் வழக்கப்படி அவதியாய் விழுந்தான். உக்கிரபாண்டி தலையில் அடித்துக்கொண்டான்.

"அண்ணே, நெசமாக் கும்பிடுறவனுக்கு அழகு எதுக்கு? அவன் பாட்டுக்கு விழுவான். இவன் ஏமாத்த விழுறான். கெட்டவன் விழுறது நல்லவன் விழுறதவிட அழகா இருக்கணும்" என்றான்.

பிறகு தானே செய்து காட்டினான். மூன்று எட்டு தள்ளி நிற்க வேண்டும். மேல்துண்டை எடுத்து இடுப்பில் கட்ட வேண்டும், முடிச்சைப் பார்க்காமல் கட்ட வேண்டும். ஒரு மூச்சு நிற்க வேண்டும். வலது முழங்கால் முதலில், அப்புறம் இடது. இரண்டு உள்ளங்கையையும் பாதத்தின் மேல் மலர்த்தி வைத்து, நெற்றி அந்தக் கைகளில் படுகிற மாதிரி இறங்க வேண்டும். பெரியவருடைய துணியில் ஒரு பொட்டு அரிதாரம் ஒட்டக் கூடாது. எழும்போது கண்ணைத் துடைக்காமல் எழ வேண்டும். இதைப் பழக்குவதற்குள் வெள்ளைத்துரை படாத பாடு பட்டான். பழகிய பிறகோ, கதை தெரிந்தவர்களே அந்த இடத்தில் அவனை நம்பினார்கள். ஒத்தக்கடையில் ஒரு கிழவி எழுந்து நின்று, எய்யா மனசு மாறிட்டான்யா என்று கத்தியதும் உண்டு. மேடையில் அப்படி விழுந்தவன், மேடைக்குப் பின்னால் உக்கிரபாண்டியின் முழங்காலில் முட்டி வேட்டியைக் கறையாக்குவது மட்டும் மாறவே இல்லை.

பேசும் படம் வந்து ஐந்தாறு வருஷம் ஆகியிருந்த சமயம். பஞ்சு வியாபாரத்தில் கொழித்திருந்த கண்ணுச்சாமி என்பவர் 'மருதங்கோட்டை'யைப் படமாக எடுக்க வந்தார். பேச்சுவார்த்தை எல்லாம் வெள்ளைத்துரை மூலமாக நடந்தது. பெரிய மனிதர்களிடம் பேசிச் சிரிக்கிற சாமர்த்தியம் அவனுக்கு உண்டு, உக்கிரபாண்டிக்கு அது சுட்டுப் போட்டாலும் வராது. ஒரு நாள் வெள்ளைத்துரை ஓடி வந்து அவனைத் தூக்கிச் சுற்றினான்.

"பாண்டி, நீதான்டா டைரக்டரு. மொதலாளி ஒத்துக்கிட்டாரு" என்றான். 

ஜெயக்கொடிக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. முதலாளி வாயால் ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டீர்களா என்று புருஷனை நச்சரித்தாள். ஒரு நடை போய்க் கேட்டுவிட்டு வருவதில் கௌரவம் குறைந்துவிடுமா என்றாள். உக்கிரபாண்டிக்குக் கோபம் வந்துவிட்டது.

"தினமும் வேசம் கட்டி என் கால்ல விழுறவன்டி அவன். அவன் என்னைய விட்டுக் குடுப்பானா?"

"விழுறது நாடகத்துக்குத்தானுங்களே" என்றாள் அவள்.

உலகத்தில் மற்ற மனிதர்கள் பத்திரம் எழுதிக் கையெழுத்து வாங்குவார்கள். நாடகக்காரனுக்கு அந்தக் கும்பிடுதான் பத்திரம் என்று நம்பினான், மடையன்.

செல்லூரில் தறி போட்டிருந்த ஒரு கொட்டகையை வாடகைக்குப் பிடித்து ஒத்திகை நடத்தினான். படத்துக்குக் குரலை ஓங்கிப் பேசக் கூடாதாமே என்று யாரோ சொல்லக் கேட்டு, எல்லோரையும் வீட்டுக்குள் பேசுகிற மாதிரி பேசப் பழக்கினான். பக்கத்துத் தறிச் சத்தத்தில் அது காதில் விழாமல் எரிச்சல்பட்டான். டாக்கீஸ் கொட்டகைக்குப் போய், ஒரே படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்து, முகம் எப்போது பெரிதாக வருகிறது, எப்போது சிறிதாகப் போகிறது என்று மனப்பாடம் செய்தான். மாதக்கணக்கில் தூங்கவில்லை. அந்தத் தறிக் கொட்டகையில் அவன் இருந்த சந்தோஷத்தில் வேறெப்போதும் இருந்ததில்லை.

பட்டணத்தில் ஸ்டுடியோ. முதல் நாள் காலையில் உக்கிரபாண்டி குளித்து, புது வேட்டி கட்டி, போய் நின்றான். ஜெயக்கொடி வெளுத்துக் கொடுத்த வேட்டி. இன்றைக்கும் இதில் கறை விழும் என்று நினைத்துச் சிரித்துக்கொண்டான். காமிரா பக்கத்தில் ஒரு நாற்காலி கிடந்தது. அதில் கால்சட்டை போட்ட ஒரு வடக்கத்திக்காரர் உட்கார்ந்து சுருட்டுப் பிடித்துக்கொண்டிருந்தார். காமிராக்காரராக இருக்கும் என்று இவன் ஒதுங்கி நின்றான்.

வெள்ளைத்துரை தளபதி வேஷத்தில் வெளியே வந்தான். உக்கிரபாண்டி வழக்கம்போல் காலைச் சேர்த்து வைத்து நின்றான். வெள்ளைத்துரை அவனைப் பார்த்தான், பார்க்காதவன் மாதிரி தாண்டினான். நாற்காலிக்காரருக்கு முன்னால் மூன்று எட்டு தள்ளி நின்றான். மேல்துண்டை இடுப்பில் கட்டினான், முடிச்சைப் பார்க்காமல். ஒரு மூச்சு நின்றான். வலது முழங்கால், இடது முழங்கால். உள்ளங்கைகளை மலர்த்தி, நெற்றியைப் பதித்து, அழகாக விழுந்தான். நாற்காலிக்காரர் பதறி எழுந்து சுருட்டைக் கீழே போட்டார். கூடியிருந்தவர்கள் உச்சுக் கொட்டினார்கள்.

யாரும் வாய் திறந்து சொல்ல வேண்டியிருக்கவில்லை. டைரக்டர் யார் என்பது உக்கிரபாண்டிக்கு விளங்கிவிட்டது. அதைவிட இன்னொன்று அவனைக் குத்தியது. அங்கே விழுந்தது தான் சொல்லிக் கொடுத்த விழுகை. ஒரு அசைவுகூட மாறவில்லை.

கண்ணுச்சாமி அவனைக் கண்டதும் சிரித்த முகத்தோடு வந்தார். வசனம் சொல்லிக் கொடுக்க நீங்களே கூட வந்தது ரொம்ப நல்லதாய்ப் போயிற்று என்றார். உக்கிரபாண்டி முழிப்பதைப் பார்த்து அவரே குழம்பிவிட்டார்.

"வெள்ளைத்துரை ஒங்ககிட்டச் சொல்லலையா? படத்துக்கு வடக்க இருந்து ஆளு வேணும், பாண்டிக்கு நாடகந்தான் தெரியும்னு அவருதானே சொன்னாரு. நீங்களும் ஒத்துக்கிட்டதாச் சொன்னாரே" என்றார். அந்த மனுஷர் பொய் சொல்லவில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது.

மதியச் சாப்பாட்டின்போது உக்கிரபாண்டி வெள்ளைத்துரையைத் தனியே பிடித்தான். ஏன் செய்தாய் என்று கேட்கத்தான் போனான். வாயில் வந்ததோ, முன்னாலேயே ஏன் சொல்லவில்லை என்பதுதான். வெள்ளைத்துரை இலையிலிருந்து தலை நிமிரவில்லை. சொல்லியிருந்தால் நீ ஒத்திகை நடத்தியிருப்பாயா என்றான். படம் ஓடினால் நம் எல்லோருக்கும் நல்லதுதானே என்றான். உள்ளூர்க்காரன் டைரக்டர் என்றால் படம் விலைபோகாதாம். பேசிக்கொண்டே வந்தவன் கடைசியில் ஒன்று சொன்னான்.

"ஒனக்கு என்னடா கொறை? அன்னைக்கு நான் பாடலேன்னா நீ மாடு மேச்சிக்கிட்டுல்ல இருந்திருப்ப."

பதினைந்து வருஷம் நெஞ்சுக்குள் வைத்துக் கும்பிட்டுவந்த உதவி. அதை அவனே எடுத்து முகத்தில் வீசினான். உக்கிரபாண்டி அன்றே ரயிலேறினான். சபாவில் ஒருவராவது கூட வருவார்கள் என்று ஸ்டேஷன் வாசலில் நின்று பார்த்தான். ஒருவரும் வரவில்லை. மேடைக்குப் பின்னால் அவன் காலைத் தொட்டவர்கள்தான் அத்தனை பேரும்.

வீட்டில் அவன் கழற்றிப் போட்ட வேட்டியை ஜெயக்கொடி எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். கறையே இல்லாமல் வந்த வேட்டியைப் பார்த்து அவள் அழுதாள்.

படம் ஓடியது. ஊரெல்லாம் வெள்ளைத்துரை படம் ஒட்டினார்கள். காமிராவைக் கண்டு பயந்து ஓடிவந்துவிட்டான் என்று உக்கிரபாண்டியைப் பற்றி மதுரையில் ஒரு கதை உலாவியது; அதை யார் கிளப்பியிருப்பார்கள் என்று அவன் யாரிடமும் கேட்டுக்கொள்ளவில்லை. அவனுக்கு நல்லது செய்தவர், அவனுக்கு எந்த விதத்திலும் கடமைப்படாத அந்த வடக்கத்திக்காரர்தான். நடந்ததை யார் மூலமோ தெரிந்துகொண்டு, அடுத்த படத்துக்கு ஆளனுப்பி அவனைக் கூப்பிட்டார். தன் நாற்காலிக்குப் பக்கத்தில் இன்னொரு நாற்காலி போடச் சொன்னார். அவர் பாஷை இவனுக்குத் தெரியாது, இவன் பாஷை அவருக்குத் தெரியாது. கையை நீட்டிக் காட்டியே காமிராவைச் சொல்லிக் கொடுத்தார். யுத்த காலத்தில், ஃபிலிம் சுருளுக்குப் பஞ்சம் வந்து ஆளாளுக்கு அடித்துக்கொண்ட நேரத்தில், கிடைத்த சுருளில் ஒரு சின்னப் படத்தை உக்கிரபாண்டி சொந்தமாக டைரக்ட் செய்தான். ஒத்திகை பார்த்துப் பார்த்து எடுத்ததால் சுருள் வீணாகவில்லை. படம் பிழைத்துக்கொண்டது. அடுத்த படத்துக்கு முதலாளிகள் அவன் குடியிருந்த செல்லூர்ச் சந்துக்குள் காரைக் கொண்டுவந்து திருப்ப முடியாமல் திண்டாடினார்கள்.

அந்தச் சந்துக்குள் ஒரு நாள் சாயங்காலம் வெள்ளைத்துரையும் வந்தான்.

நடந்து வந்தான். கன்னம் ஒட்டியிருந்தது. குரல் கரகரத்திருந்தது. இரண்டு படம் வரிசையாகப் படுத்துவிட்டதும், பட்டணத்தில் அவனை ஒருத்தரும் சீந்தவில்லை என்பதும் உக்கிரபாண்டிக்கு ஏற்கனவே எட்டியிருந்தது. வந்தவனுக்கு ஜெயக்கொடி தண்ணீர் கொடுத்தாள், முகம் கொடுக்கவில்லை. புதுப்படத்துக்குக் கதாநாயகன் இன்னும் முடிவாகவில்லையாமே என்று வெள்ளைத்துரை மெல்ல ஆரம்பித்தான்.

உக்கிரபாண்டி உள்ளே இளகிப்போயிருந்தான். அதை அவனாலேயே நம்ப முடியவில்லை. எத்தனை வருஷமாக இந்த நாளுக்கு வார்த்தை சேர்த்து வைத்திருந்தான்! ஒன்றுகூட வாயில் வரவில்லை. மேலூர்க் கொட்டகையில் கிரீடத்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு பாடிய பையன்தான் கண்ணில் நின்றான். பழையபடி அவதியாய் வந்து முழங்காலில் முட்டினான் என்றால், தப்புப் பண்ணிட்டேன்டா பாண்டி என்று விலாவில் ஒரு குத்து விட்டான் என்றால், போதும். எல்லாவற்றையும் விட்டுவிடலாம்.

வெள்ளைத்துரை எழுந்தான். கண்ணில் நீர் நிறைந்திருந்தது. மூன்று எட்டு பின்னால் போனான். மேல்துண்டை எடுத்து இடுப்பில் கட்டினான்.

முடிச்சைப் பார்க்கவில்லை.

ஒரு மூச்சு. வலது முழங்கால். இடது முழங்கால். மலர்ந்த உள்ளங்கைகள் இரண்டும் உக்கிரபாண்டியின் பாதத்தின் மேல் வந்து அமர்ந்தன, நெற்றி அவற்றில் பதிந்தது. கை சூடாக இருந்தது. கண்ணீர்கூடச் சூடாகத்தான் இருந்தது. வாசலில் நின்று பார்த்த தறிக்காரர்கள் இரண்டு பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

உக்கிரபாண்டி காலை இழுத்துக்கொள்ளவில்லை. ஒத்திகையில் பேசுகிற குரலில் சொன்னான்.

"எடது முழங்கால் முந்திருச்சுண்ணே. இன்னொருக்காச் செய்யி."

பொய். ஒன்றும் முந்தவில்லை. இப்போதாவது எழுந்து, என்னடா என்னை அவமானப்படுத்துகிறாயா என்று கத்துவான் என்று உக்கிரபாண்டி எதிர்பார்த்தான். கன்னத்தில் அறைந்துவிட்டுத் தெருவில் இறங்கி நடந்தாலும் சரி. அப்படிப் போனான் என்றால், பின்னாலேயே ஓடிப்போய்க் கையைப் பிடித்து இழுத்து வருவதற்கு அவன் தயாராக இருந்தான்.

வெள்ளைத்துரை எழுந்தான். துண்டை அவிழ்த்தான். மூன்று எட்டு பின்னால் போய், திரும்பக் கட்டி, வலது முழங்காலை முதலில் ஊன்றி, முன்னைவிட அழகாக விழுந்தான்.

"போதும்ணே. ஒனக்கு வேசம் உண்டு" என்றான் உக்கிரபாண்டி. "கதாநாயகன் இல்ல. அவனக் காட்டிக் குடுக்கிறவன் ஒருத்தன் வாரான். ஒன்னைய விட்டா அதுக்கு ஆளு கெடையாது."

வெள்ளைத்துரையின் முகம் மலர்ந்தது. எத்தனை சீனில் வருகிறது என்று கேட்டான்.

அவன் போன பிறகு ஜெயக்கொடி கூடத்துக்கு வந்தாள். புருஷன் குனிந்து, வேட்டியை முழங்காலிலிருந்து கீழ்க்கரை வரை கையால் இழுத்து இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். எதைத் தேடுகிறான் என்பது அவளுக்குத் தெரியும். பக்கத்தில் உட்கார்ந்து அவளும் பார்த்தாள். வேட்டி வெள்ளை வெளேரென்று இருந்தது.